முதல் இடம் பிடித்த ரத்தம்

1. மெஷின் தலையில் ஒரு தட்டு

முதல் தடவை ஓட்டியபோது 386 வந்தது. ரத்தத்தோடு கலக்கிற ரீஏஜென்ட் கெட்டுப் போயிருக்கும் என்று புது பாட்டிலைத் திறந்தேன். 388. அளவு முன்பே தெரிந்த கன்ட்ரோல் சாம்பிளைப் போட்டுப் பார்த்தேன்; அது ஒழுங்காகத்தான் வந்தது. கடைசியில் வீட்டு டிவிக்குச் செய்யும் வைத்தியத்தைச் செய்தேன். மெஷினின் தலையில் ஓங்கி ஒரு தட்டு. 384. நாலு குறைந்ததே என்று ஒரு விநாடி சந்தோஷப்பட்டேன். அந்தக் காலத்தில் என் அறிவு எந்த அளவில் இருந்தது என்பதற்கு அந்த ஒரு விநாடியே சாட்சி.

அந்த ரத்தம் ராமசேஷன் சாருடையது. மூன்று நாளைக்கு முன், ஞாயிற்றுக்கிழமை காலை, அதே மனிதரின் ரத்தத்தில் சர்க்கரை 91 என்று அதே மெஷின் சொல்லியிருந்தது. 'முதல் இடம்' என்று போட்ட பட்டியலைப் பூங்காவின் நோட்டீஸ் போர்டில் என் கையால் குத்திவிட்டு வந்து இரண்டு மணி நேரம்கூட ஆகவில்லை.

என் பெயர் ஆரோக்கியராஜ். சாந்தோம்காரன். மயிலாப்பூரில் லஸ் பக்கம் ஒரு சின்ன லேபில் டெக்னீஷியனாக வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பெயரில் இருந்த ஆரோக்கியம் உடம்புக்கு இறங்கி வராத கதையும் இதில் வரும். லேப் டெக்னீஷியன் படிக்கிற பிள்ளைகளே, ரத்தம் எடுக்க உங்களுக்குச் சொல்லித் தந்துவிடுவார்கள். ஆண்கள் எப்படி எப்படியெல்லாம் பொய் சொல்வார்கள் என்பது உங்கள் சிலபஸில் இருக்காது. அதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

2. காபி சாப்பாட்டில் சேராது

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது இது. லேபுக்குப் பெண்கள் தாங்களாக வருவார்கள். ஆண்களை யாராவது கூட்டிக்கொண்டு வர வேண்டும். வந்தாலும் இப்படித்தான்:

"வெறும் வயித்துலதானே சார் வந்திருக்கீங்க?"

"ஆமா. ராத்திரியிலேர்ந்து பச்சத் தண்ணி பல்லுல படல. காபி மட்டும்."

"காபியில சர்க்கரை?"

"சர்க்கரை இல்லாம அது எப்படிங்க காபி?"

ஒருத்தர் இரண்டு இட்லி சாப்பிட்டுவிட்டு வந்து, "இட்லி ஆவியில வெந்ததுதானே, எண்ணெயே இல்லையே" என்று என்னிடம் வாதாடினார். ஃபாஸ்டிங் என்றால் எண்ணெய் இல்லாமல் சாப்பிடுவது என்று அவர் முடிவு செய்திருந்தார்.

ஆனால் உடம்புக்காகச் செலவு செய்ய மாட்டார்கள் என்று மட்டும் சொல்லக்கூடாது. தி.நகரில் இடுப்பில் மாட்டிக்கொண்டால் தொப்பையை உதறி உதறிக் கரைக்கும் பெல்ட் விற்றது. ரத்த ஓட்டத்துக்குக் காந்த வளையல் விற்றது. வீரியத்துக்கு லேகியம், முடிக்குத் தைலம், முள்ளு முள்ளாக ரப்பர் வைத்த செருப்பு. எல்லாவற்றையும் ஆண்கள்தான் வாங்கினார்கள். காசு கொடுத்து உதறிக்கொள்வார்கள். ஒரு ஊசிக் குத்துக்கு மட்டும் கையை நீட்ட மாட்டார்கள்.

எங்கள் முதலாளி வரதன் சார் இதையெல்லாம் பார்த்துவிட்டு 'ஜென்ட்ஸ் ஹெல்த் பேக்கேஜ்' என்று மஞ்சள் நோட்டீஸ் அடித்தார். அவர் டாக்டர் இல்லை. அதற்கு முன் சைக்கிள் பம்ப் விற்றவர். இரண்டு மாதத்தில் நாலு பேர் வந்தார்கள். அதில் ஒருவர் பாத்ரூம் போகலாமா என்று கேட்க வந்தவர்.

"இன்னாப்பா இது, ஒருத்தனும் வரமாட்டேன்றான்?" என்று தலையில் கை வைத்தார் வரதன் சார்.

அப்போதுதான் நான் வாயைத் திறந்தேன். திறந்திருக்கக் கூடாது.

"சார், ஆம்பளைய டெஸ்ட்டுக்குக் கூப்ட்டா வரமாட்டான். போட்டிக்குக் கூப்ட்டா வருவான். ரேங்க் போடுங்க."

3. சாம்பியன்

பூங்காவில் தினமும் காலையில் நடக்கிற ஆண்கள் கூட்டம் ஒன்று இருந்தது. மாதத்தின் முதல் ஞாயிறு காலை ஆறரைக்கு அவர்களுக்கு இலவச ஃபாஸ்டிங் சுகர் டெஸ்ட். புதன்கிழமை பட்டியல். சர்க்கரை குறைவாக, ஆனால் நார்மலுக்குள் இருக்கிறவருக்கு முதல் இடம். பரிசு ஒரு எவர்சில்வர் டம்ளர், லேப் பெயர் பொறித்தது; கூடவே நம்பர் எழுதிய ஒரு பரிசு அட்டை. முதல் மாதமே நாற்பது பேர் வரிசையில் நின்றார்கள். இரண்டாம் இடம் வந்தவர் ரீவேல்யுவேஷன் உண்டா என்று கேட்டார்.

ராமசேஷன் சார் ஐம்பது தாண்டிய பேங்க் ஆபீசர். ஒல்லி, நல்ல நிறம், சட்டையில் ஒரு சுருக்கம் இருக்காது. முதல் மாதம் அவருக்கு 119, ஒன்பதாம் இடம். பட்டியலைப் பார்த்துவிட்டு என்னைத் தனியாக ஓரங்கட்டினார்.

"ஏம்பா ஆரோக்கியம், இதைக் கொறைக்க ஏதாவது வழி உண்டோ?"

நான் ஜோக்கடிக்கிறதாக நினைத்துக்கொண்டு சொன்னேன். "முந்தின நாள் மத்தியானத்தோட சாப்பாட்ட நிறுத்திடுங்க சார். ராத்திரி பாகற்காய் ஜூஸ் ஒரு டம்ளர். காலையில பாருங்க, நீங்கதான் ஃபர்ஸ்ட்."

அடுத்த மாதம் அவர்தான் ஃபர்ஸ்ட். அதற்கடுத்த மாதமும். பரிசு கொடுக்கும்போது என்னைப் பார்த்துக் கண்ணடிப்பார். நானும் கண்ணடிப்பேன். கோச்சும் ஆட்டக்காரரும்.

போட்டி சூடு பிடித்ததும் வரதன் சார் நோட்டீஸ் போர்டுக்குக் கீழேயே கூழாங்கல் கொட்டி ஒரு பாதை போட்டார். அக்குபிரஷராம். வெறுங்காலில் நடந்தால் உள்ளுறுப்பெல்லாம் விழித்துக்கொள்ளுமாம். விழித்துக்கொண்டது எங்கள் வாய்தான். ஒவ்வொருத்தரும் "அய்யோ, அம்மா" என்று தாண்டிக் குதித்தார்கள். நான் நாலு கல் தாண்டுவதற்குள் கன்னியப்பன் தோளைப் பிடித்துக்கொண்டேன். கன்னியப்பன் பூங்கா வாசலில் தள்ளுவண்டியில் அருகம்புல் ஜூஸ் விற்கிறவர், பட்டினப்பாக்கத்துக்காரர்.

ராமசேஷன் சார் மட்டும் அந்தக் கல்லின் மேல், கையில் விரித்த பேப்பரோடு, தலையங்கம் படித்துக்கொண்டே போவார், திரும்புவார், போவார். கம்பளத்தில் நடக்கிற மாதிரி.

"தோ பாரு சார், சாம்பியன்னா அவருதான் சாம்பியன்" என்பார் கன்னியப்பன்.

நாங்கள் எல்லோரும் கை தட்டினோம். ஒரு மனிதனுக்குக் கால் மரத்துப் போனதற்கு நாற்பது பேர் நின்று கை தட்டியிருக்கிறோம். அதில் தொழில் படித்தவன் நான் ஒருத்தன்.

4. டிக், டிக்

அந்தப் புதன்கிழமை ஆறு மணிக்கே போய்விட்டேன். பழைய பட்டியலைப் பிடுங்கி, டிராயிங் பின்களை வாயில் கவ்விக்கொண்டு (இந்தப் பழக்கத்தை யாரும் கற்றுக்கொள்ள வேண்டாம்), புதுப் பட்டியலைக் குத்திக்கொண்டிருந்தேன். அஞ்சாவது முறையாக ராமசேஷன் சார்தான் முதல் இடம். மூன்று பின் குத்தியாயிற்று. நாலாவது வாயிலிருந்து நழுவிக் கீழே கல்லுக்குள் விழுந்துவிட்டது. குனிந்து துழாவினேன்.

"இன்னா சார் தேடிக்கினு கீற?" என்றார் கன்னியப்பன்.

"டிராயிங் பின்னுய்யா."

"வுடு சார். யார் கால்லயாவது குத்தினா, அம்மான்னு கத்துவாங்கல்ல. அப்ப எட்த்துக்கலாம்."

சிரித்தேன். விட்டுவிட்டேன்.

ராமசேஷன் சார் வந்தார். செருப்பைக் கன்னியப்பன் வண்டிக்கு அடியில் விட்டார். பட்டியலைக் கீழேயிருந்து மேலாகப் படித்தார். அவர் எப்போதும் அப்படித்தான், கடைசி ஆளிலிருந்து ஆரம்பித்துத் தன் பெயரில் வந்து நிற்பார். அஞ்சாவது டம்ளரையும் அட்டையையும் கொடுத்தேன்; வழக்கம்போலக் கண்ணடித்துவிட்டு, அட்டையைப் பர்ஸில் செருகி, டம்ளரைக் கன்னியப்பன் வண்டியில் வைத்தார். கல்லின் மேல் அவர் வழக்கப்படி போனார், வந்தார். யாரும் கத்தவில்லை. பிறகு சிமென்ட் பாதையில் வெறுங்காலோடு கிளம்பினார். நானும் கூட நடந்தேன்.

ஒரு சத்தம் கேட்டது. டிக். ஒரு அடி விட்டு, டிக்.

"என்ன சார், கால்ல கொலுசு கிலுசு போட்டிருக்கீங்களா?" என்றேன்.

"ஆமாம்பா, சாம்பியன் கொலுசு" என்று சிரித்தார். என் சாவிக்கொத்து என்று அவர் நினைத்தார். அவர் ஜேபியில் சில்லறை என்று நான் நினைத்தேன். இரண்டு பேரும் பேசிக்கொண்டே போனோம், டிக், டிக் என்று. நாலு சுற்று.

பெஞ்சில் உட்கார்ந்து வலது காலை இடது முட்டியின் மேல் போட்டார். ஜூஸ் டம்ளரை அவர் கையில் கொடுத்த கன்னியப்பன் அப்படியே குனிந்து நின்றார்.

"சார், கால்ல வலிக்கலையா?"

"எதுக்கு வலிக்கணும்?"

கன்னியப்பன் என் கையைப் பிடித்து இழுத்தார். உள்ளங்காலில் பித்தளை நிறத்தில் ஒரு வட்டம், பொட்டு வைத்த மாதிரி பதிந்து கிடந்தது. அதைச் சுற்றி ரத்தம். நான் பாதையைத் திரும்பிப் பார்த்தேன். ஒரு அடி விட்டு ஒரு அடி, சிவப்பாகப் புள்ளி புள்ளியாகப் போய்க்கொண்டே இருந்தது. நான்தான் கூடவே நடந்து வந்திருக்கிறேன்.

அது மட்டுமில்லை. சுண்டு விரலுக்கு அடியில் பழைய புண் ஒன்று இருந்தது. ஓரம் கறுத்து, மெல்ல வாடை வீசிக்கொண்டு. எத்தனை நாளாக அங்கே இருந்ததோ, அதைச் சுமந்த மனிதருக்கே தெரியாது.

"எங்கண்ணனுக்கு இப்டித்தான்" என்று கன்னியப்பன் மெதுவாகச் சொன்னார். "கடக்கரையில மீன் ஏலம் வுட்டுக்கினு இருந்தான். முள்ளு ஏறினது அவனுக்குத் தெரியவே இல்ல. முட்டிக்குக் கீழ எட்த்துட்டாங்க. சுகர் சார் இது. ஜூஸ எங்கைல குடு சார், நீ மொதல்ல ஆஸ்பத்திரிக்குப் போ."

ஜூஸ் விற்கிற மனிதர் ஜூஸைத் திரும்ப வாங்குகிறார். லேப் டெக்னீஷியன் வாயைப் பிளந்து நிற்கிறான். எங்கள் இரண்டு பேரில் யார் மருத்துவத் துறை என்று கேட்டால் அன்றைக்கு நான் கன்னியப்பனைத்தான் காட்டியிருப்பேன்.

கால் முன்னால் மண்டியிட்டேன். ஆயிரக்கணக்கான பேருக்கு ஊசி குத்தியவன், அந்தப் பின்னைப் பிடுங்கும்போது கண்ணை மூடிக்கொண்டேன். சதையை விட்டு அது வந்தது விரலுக்குத் தெரிந்தது. என் பையிலிருந்த பஞ்சை வைத்து அழுத்தினேன்.

மேலேயிருந்து சாதாரணமாக ஒரு குரல் கேட்டது. "எப்பப்பா எடுக்கப் போறே?"

5. அஞ்சு டம்ளர்

லேபுக்குக் கூட்டிப் போய் ரத்தம் எடுத்தேன். அப்போது வந்ததுதான் ஆரம்பத்தில் சொன்ன 386. மூன்று மாதச் சர்க்கரையைக் காட்டுகிற டெஸ்ட் அன்றைக்கு எங்களிடம் கிடையாது. அதற்கு ஒரு சாம்பிளை அடையாறில் இருந்த பெரிய லேபுக்கு அனுப்பினேன்.

வரதன் சார் நம்பரைப் பார்த்து வெளிறிப்போனார்.

"நம்ம சாம்பியனுக்கே சுகர்னா லேப் மானம் இன்னாத்துக்கு ஆவறது? மெதுவா நாளைக்குச் சொல்லலாம்பா."

"சார், அவர் கால் நாளைக்கு வரைக்கும் காத்திருக்குமான்னு தெரியல" என்று சொல்லிவிட்டு ஆட்டோ பிடித்தேன். முதலாளியை எதிர்த்துப் பேசியது என் வாழ்க்கையில் அது ஒன்றுதான். அதிலும் பாதி வாக்கியத்தை ஆட்டோவில் ஏறிய பிறகுதான் சொன்னேன்.

ஆட்டோவில் ராமசேஷன் சார் காலைப் பார்க்காமல் ரோட்டைப் பார்த்துக்கொண்டு பேசினார்.

"ஆறு வருஷமா தெரியும்பா."

"என்ன சார் தெரியும்?"

"சுகர். டாக்டர் மாத்திரை எழுதிக் குடுத்தார். எங்கப்பா அதுலதான் போனார், கண்ணும் தெரியாம. அந்த வார்த்தையே ஆத்துல சொல்லப்படாதுன்னு வச்சிண்டேன். மாத்திரையைத் தொடல. உன் போட்டி வந்தப்பறந்தான், முதல் மாசத்துலேர்ந்தே எடுத்தேன். ஞாயித்துக்கிழமைக்கு மூணு நாள் முன்னாடிலேர்ந்து. ஞாயித்துக்கிழமை ரத்தம் குடுத்ததும் நிறுத்திடுவேன்."

"எதுக்கு சார் நிறுத்தினீங்க?"

"பரீட்சை முடிஞ்சுடுத்தே."

நான் சொல்லிக் கொடுத்த பட்டினி, பாகற்காய், அதற்கு மேல் மூன்று நாள் மாத்திரை. மாதத்தில் நாலு நாள் நல்ல பிள்ளை; மிச்ச நாளெல்லாம் நடந்து முடித்ததும் நேராக மெஸ், பொங்கல், வடை. சாம்பியனுக்கு என்ன பயம்?

ஆஸ்பத்திரியில் டாக்டர் புண்ணைப் பார்த்துவிட்டு, முன்பு எடுத்த ரிப்போர்ட் இருக்கிறதா என்று கேட்டார். ராமசேஷன் சார் பர்ஸிலிருந்து எங்கள் பரிசு அட்டைகளை எடுத்து அடுக்கினார். 94, 89, 92, 90, 91. எல்லாவற்றிலும் என் கையெழுத்து.

"இது எந்த லேப்? இதை நம்பி யாராவது வைத்தியம் பார்த்திருந்தா மனுஷன் செத்திருப்பார்" என்றார் டாக்டர். என் சட்டைப் பையில் லேப் பெயர் எம்பிராய்டரி பண்ணியிருந்தது. அதன் மேல் கையை வைத்துக்கொண்டேன். தேசிய கீதம் பாடுகிற அமெரிக்காக்காரன் மாதிரி நெஞ்சில் கையோடு அரை மணி நேரம் நின்றேன். அட்டையில் இருந்த நம்பர் ஒன்றுகூடத் தப்பு இல்லை. அதுதான் என்னை உலுக்கிவிட்டது. மெஷின் சரி, ரீஏஜென்ட் சரி, கணக்குச் சரி. மனுஷன் அழுகிக்கொண்டிருந்தான்.

இரண்டு நாள் கழித்து அடையாறிலிருந்து ரிசல்ட் வந்தது. ஏழுக்குக் கீழே இருக்க வேண்டியது 12.1.

"ரெண்டு விரல் போகும்" என்றார் டாக்டர். "பாதத்தைக் காப்பாத்தப் பார்க்கலாம். இன்னும் ஒரு வாரம் போயிருந்தா முட்டிக்குக் கீழ பேசிக்கிட்டிருப்போம்."

அவருடைய மனைவி வார்டு வாசலில் நின்றிருந்தார். வைதேகி மாமி. எல்லாவற்றையும் கேட்டுவிட்டு உள்ளே போகவில்லை. என் பக்கம் திரும்பினார்.

"முதல் பரிசுன்னு டம்ளர் குடுத்தது நீங்கதானே?"

"ஆமாம் மாமி."

"அஞ்சு இருக்கு ஆத்துல. காபியை அதுலதான் விட்டுக் குடுக்கணும்னு சொல்லுவார். ரெண்டு வேளையும். ரெண்டு ஸ்பூன் சர்க்கரை போட்டு நான்தான் குடுத்தேன். சர்க்கரையே இல்லாத மனுஷராச்சேன்னு."

திட்டியிருந்தால் வாங்கிக்கொண்டு வந்திருப்பேன். மாமி திட்டவில்லை.

6. என் கை

விரல் இரண்டும் போயிற்று. பாதம் தங்கியது. போட்டியை நிறுத்திவிட்டோம். வரதன் சார் ஒரு வாரம் சோகமாக இருந்தார். அடுத்த வாரமே 'டயபடிக் பாத பேக்கேஜ்' என்று பச்சை நோட்டீஸ் அடித்துவிட்டார். அவரை நான் குறை சொல்லவில்லை. அந்தப் பேக்கேஜில் ஒரு பைசா வாங்காமல் காலைக் கழுவிப் பார்த்து அனுப்பும் வேலையை நான் சேர்த்தேன். பேக்கேஜில் உருப்படியாக இருந்ததும் அது ஒன்றுதான்.

ஏறக்குறைய மூன்று மாதம் கழித்து, ஆஸ்பத்திரியில் செய்து கொடுத்த கனமான செருப்போடு ராமசேஷன் சார் பூங்காவுக்கு வந்தார். கன்னியப்பன் பெஞ்சைத் துடைத்துவிட்டார்.

"வா சார். ஜூஸ் வேணாம் உனக்கு. சும்மா குந்து."

ராமசேஷன் சார் உட்கார்ந்தார். காலி நோட்டீஸ் போர்டைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ஆரோக்கியம், நீ எத்தனை வருஷமா ஊர்ல எல்லாருக்கும் குத்திண்டிருக்கே?"

"பதினாலு வருஷம் சார்."

"உனக்கு எப்போ குத்திண்டே?"

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. என் ரத்தம் எடுக்கிற பை பெஞ்சின் மேல்தான் இருந்தது. அதை என் பக்கம் தள்ளினார்.

"இன்னிக்கு வேணாம் சார்" என்றேன். "வெறும் வயித்துல இல்ல. காபி மட்டும் குடிச்சேன்."

சொல்லி முடித்த பிறகுதான் காதில் விழுந்தது. பதினாலு வருஷமாக நான் எந்த வாக்கியத்தைக் கேட்டுச் சிரித்தேனோ, அது என் வாயிலிருந்தே, அதே குரலில், அதே அசட்டுச் சிரிப்போடு வந்திருக்கிறது. கொஞ்ச நாளாக ராத்திரி இரண்டு தடவை எழுந்து தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தேன். பேன்ட் தளர்ந்திருந்தது, இளைத்துவிட்டேன் என்று சந்தோஷப்பட்டிருந்தேன். உறவில் கேட்டவர்களிடம் நடைப்பயிற்சி என்று சொல்லியிருந்தேன்.

கன்னியப்பன் என் மேல்கையில் டியூபைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். நானே குத்திக்கொண்டேன். முதல் குத்தில் நரம்பு கிடைக்கவில்லை. "இன்னா சார், தொழில் புச்சா?" என்றார். அன்றைக்குக் காபியோடு 231. மறுநாள் நிஜமாகவே வெறும் வயிற்றில் 164. மெஷினை நான் தட்டவில்லை.

அந்த 164-ஐ எடுத்துக்கொண்டு லேபிலிருந்து நேராகப் பூங்காவுக்குத்தான் போனேன். ராமசேஷன் சாரும் கன்னியப்பனும் பெஞ்சில் இருந்தார்கள். நான் செருப்பைக் கழற்றிவிட்டு அந்தக் கூழாங்கல் பாதைக்குப் போனேன். தொழிலில் கற்ற பாடம் என்று உங்களுக்குச் சொல்ல என்னிடம் ஒன்றுதான் இருக்கிறது: காகிதத்தைப் பார்க்குமுன் காலைப் பாருங்கள், அடுத்தவர் காலைப் பார்க்குமுன் உங்கள் காலைப் பாருங்கள். அன்று அது எனக்குப் பாடமாகத் தெரியவில்லை, பயமாகத்தான் தெரிந்தது. வலது காலை ஒரு கல்லின் மேல் வைத்தேன். வைத்து முழு உடம்பையும் அதன் மேல் ஏற்றினேன்.

"இன்னா சார்?" என்று எழுந்து நின்றார் கன்னியப்பன். "வலிக்குதா?"

"அய்யய்யோ, வலிக்குதுய்யா!" என்று கத்தினேன். "நல்லா வலிக்குது!"

பெஞ்சிலிருந்து ராமசேஷன் சார் கை தட்டினார்.